வீட்டுக் கடனின் மெய்யான விலை

"வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார்" என்பது நம் பெரியோர் சொல். இவ்விரண்டனுள் கல்யாணத்தின் செலவு பந்தல் பிரிப்பதற்குள் தெரிந்துவிடும். கடன் வாங்கிக் கட்டிய வீட்டின் செலவோ இருபது வருஷம் சென்ற பின்னரே முழுதும் தெரியவரும். அவ்வளவு காலம் காத்திராமல், பத்திரத்தில் கையெழுத்திடுவதற்கு முன்னரே அச்செலவைக் கணக்கிட்டு அறிதல் எவர்க்கும் இயலும். பெருக்கலும் வகுத்தலும் அறிந்த அங்கத்தினர் ஒவ்வொருவரும் தாமே செய்து பார்க்கத்தக்க அக்கணக்கை இப்பாடத்தில் விளக்குவோம்.

1. நெய்வேலியில் இஃது ஏன் முக்கியமானது

நெய்வேலிப் பழுப்பு நிலக்கரி ஸ்தாபனம் 1956-ல் ஏற்பட்டது. 1957-ல் சுரங்க வேலை தொடங்கி, 1961-ல் நிலக்கரி வெளிப்பட்டது. அதன் தொழிலாளருக்காகவும் உத்தியோகஸ்தருக்காகவும் வட்டம் வட்டமாகப் பிரித்து ஒரு நகரியம் கட்டப்பட்டது. அகன்ற சாலையும், நிழல் மரமும், பள்ளிக்கூடமும், வைத்தியசாலையும் உடைய அந்நகரியத்தில் வீடுகள் ஸ்தாபனத்திற்கே சொந்தம். வேலையிலிருக்கும் வரையில் தொழிலாளி அதில் குடியிருக்கலாம். ஓய்வு பெற்றபின் காலி செய்து கொடுத்துவிட வேண்டும்.

ஆகவே, முப்பது வருஷம் ஒரே கூரையின்கீழ் வாழ்ந்த குடும்பமும் ஒரு நாள் வேறு கூரை தேடியே ஆகவேண்டும். வடலூர், குறிஞ்சிப்பாடி, மந்தாரக்குப்பம், பண்ருட்டி, விருத்தாசலம் முதலிய இடங்களில் மனை வாங்கிப் பலர் வீடு கட்டுவது இதனாலேயே. இளமையில் குடியிருப்பு வீடு இருப்பதால் சொந்த வீட்டின் எண்ணம் எழுவதில்லை. பிள்ளைகளின் படிப்பு ஒருவாறு முடிந்து, வயது நாற்பதைத் தாண்டிய பின்னரே பலருக்கும் அவ்வெண்ணம் எழுகின்றது. அப்போது இருபது வருஷத் தவணையில் கடன் வாங்கினால், கடைசித் தவணைக்கு முன்பே சம்பளம் நின்றுவிடும். அபாயம் இருக்குமிடம் இதுவே.

சுற்றுக் கிராமங்களில் பயிர்த்தொழில் செய்யும் அங்கத்தினருக்கும் இப்பாடம் பொருந்தும். மாதச் சம்பளம் இல்லாதவர், மாதந்தோறும் தவணை கேட்கும் கடனில் இன்னும் அதிக எச்சரிக்கையாயிருத்தல் வேண்டும்.

2. ஈட்டின் தன்மை

போக்கியத்தையும் ஒற்றியையும் நம் கிராமத்தார் நன்கறிவர். அவற்றில் கடன் கொடுத்தவர் நிலத்தையோ வீட்டையோ தாமே அனுபவிப்பார். அவ்வனுபவமே வட்டிக்கு ஈடாகும். பாங்கி தரும் வீட்டுக் கடன் அவ்வாறன்று. வீட்டில் கடன்பட்டவரே குடியிருப்பார். ஆனால் மூலப் பத்திரம் பாங்கியின் பெட்டியில் இருக்கும். பார்வைக்கு வீடு நம்முடையது. கடைசித் தவணை தீரும்வரை அதன் மீது வில்லங்கம் உண்டு. தவணை தொடர்ந்து தவறுமாயின், 2002-ஆம் வருஷத்துச் சட்டத்தின்படி பாங்கியானது அறுபது நாள் நோட்டீசு கொடுத்து, அதன் பின்னும் கடன் செலுத்தப்படாவிடில், கோர்ட்டில் வழக்கிடாமலே வீட்டை வசப்படுத்தி ஏலத்திற்குக் கொண்டுவரலாம்.

3. தவணை எங்கே போகின்றது?

ஒருவர் ரூ. 20,00,000 கடன் வாங்குகிறார் என்றும், வட்டி வருஷத்திற்கு நூற்றுக்கு எட்டரை என்றும், காலம் இருபது வருஷம் என்றும் வைத்துக்கொள்வோம். மாதத் தவணை ரூ. 17,356 ஆகும்.

முதல் மாதக் கணக்கைப் பார்ப்போம். இருபது லட்சத்திற்கு ஒரு வருஷ வட்டி ரூ. 1,70,000. அதைப் பன்னிரண்டால் வகுத்தால் ஒரு மாத வட்டி ரூ. 14,167. செலுத்திய ரூ. 17,356-ல் இவ்வட்டி போக, அசலில் குறைவது ரூ. 3,189 மட்டுமே. இரண்டாம் மாதத்தில் எஞ்சிய அசலுக்கு வட்டி ரூ. 14,144, அசலுக்குச் சேர்வது ரூ. 3,212. இவ்வாறே ஒவ்வொரு மாதமும் வட்டியின் பங்கு சிறிது குறைந்து, அசலின் பங்கு சிறிது கூடிக்கொண்டே வரும்.

இதனைச் சுரங்கத்தை உதாரணமாகக் கொண்டு எளிதில் விளங்கிக்கொள்ளலாம். நிலக்கரி மண்ணின் மேலேயே கிடப்பதில்லை. பல மீட்டர் கனமுள்ள மேல்மண்ணை வெட்டி அகற்றிய பின்னரே அது கண்ணுக்குத் தெரியும். வீட்டுக் கடனிலும் முதல் வருஷங்களின் உழைப்பெல்லாம் வட்டி என்னும் மேல்மண்ணை அகற்றுவதிலேயே செல்கின்றது.

ஐந்து வருஷம் தவறாது செலுத்தியவர் மொத்தம் ரூ. 10,41,000-க்கு மேல் கொடுத்திருப்பார். அவருடைய அசலில் குறைந்திருப்பது ஏறக்குறைய ரூ. 2,37,000. பத்து வருஷம் செலுத்தியவர் ரூ. 20,82,000-க்கு மேல், அதாவது வாங்கிய தொகைக்கும் அதிகமாகவே கொடுத்திருப்பார். ஆயினும் இன்னும் ஏறக்குறைய ரூ. 14,00,000 பாக்கி நிற்கும். அசலில் பாதி தீர்வதற்குப் பதின்மூன்று வருஷமும் பத்து மாதமும் ஆகும்.

இது பாங்கியின் மோசடி அன்று. நின்ற அசலுக்கு வட்டி என்னும் நேரான கணக்கே. ஆனால் இதை முன்னரே அறியாதவர், "இத்தனை வருஷம் கட்டினோமே, பாதியாவது தீர்ந்திராதா?" என்று நம்பி, அந்நம்பிக்கையின்மேல் மகளின் கல்யாணத்தையோ மகனின் மேற்படிப்பையோ ஏற்பாடு செய்துவிடுகிறார். பிழை அங்கேதான் நேர்கின்றது.

இருபது வருஷ முடிவில் செலுத்திய மொத்தம் ரூ. 41,65,500. வட்டி மட்டும் ரூ. 21,65,500. இருபது லட்சத்து வீட்டிற்கு அவர் கொடுத்த விலை நாற்பத்தொன்றரை லட்சத்திற்கு மேல் என்பதே மெய்.

4. காலத்தை நீட்டினால் வருவது

தவணை பாரமாகத் தோன்றும்போது, "காலத்தை நீட்டிக்கொள்ளுங்கள், தவணை குறையும்" என்று யோசனை கூறுவார் உண்டு. அதே இருபது லட்சம், அதே எட்டரை வட்டி; காலம் மட்டும் மாறினால் வரும் கணக்கு வருமாறு:

10 வருஷம்: மாதத் தவணை ரூ. 24,797, மொத்த வட்டி ஏறக்குறைய ரூ. 9,75,700.
15 வருஷம்: மாதத் தவணை ரூ. 19,695, மொத்த வட்டி ஏறக்குறைய ரூ. 15,45,100.
20 வருஷம்: மாதத் தவணை ரூ. 17,356, மொத்த வட்டி ஏறக்குறைய ரூ. 21,65,500.
30 வருஷம்: மாதத் தவணை ரூ. 15,378, மொத்த வட்டி ஏறக்குறைய ரூ. 35,36,200.

இருபது வருஷத்தை முப்பதாக்கினால் மாதம் மிச்சமாவது ரூ. 1,978. அதற்காகக் கூடுதலாகக் கொடுக்கும் வட்டி பதின்மூன்றரை லட்சத்திற்கு மேல். மாறாக, இருபதைப் பதினைந்தாகக் குறைத்தால் மாதம் ரூ. 2,339 கூடும், வட்டியில் ஆறு லட்சத்திற்கு மேல் மிச்சமாகும்.

இனி ஓய்வு வயதையும் இதனோடு சேர்த்துப் பார்ப்போம். நாற்பத்தைந்தாம் வயதில் இருபது வருஷத் தவணையில் இக்கடனை வாங்கியவர் அறுபதாம் வயதில் ஓய்வு பெறுவாராயின், அன்று அவர் தலைமீது ஏறக்குறைய ரூ. 8,46,000 பாக்கி இருக்கும். முதுமைக்கென்று சேர்ந்த பணிக்கொடையும் சேமநிதியும் அதற்கே போய்விடும். அவர் அதே ரூ. 17,356-ஐ மாதந்தோறும் செலுத்தக்கூடியவராயின், பதினைந்து வருஷத்தில் தீரத்தக்க கடன் ரூ. 17,62,000 ஆகும். எனவே கடனை ஏறக்குறைய இரண்டரை லட்சம் குறைத்து, ஓர் அறையை அல்லது மாடியைப் பின்னர் கட்டிக்கொள்வாரேயானால், ஓய்வு பெறும் நாளில் கடனின்றி வீட்டில் குடியேறலாம். விரலுக்குத் தகுந்த வீக்கம் என்பது இதுவே.

5. மாறும் வட்டி

வீட்டுக் கடன்களிற் பெரும்பாலானவை மாறும் வட்டியுடையவை. ரிசர்வ் பாங்கி நிர்ணயிக்கும் ரெப்போ விகிதம் ஏறினால் நம் வட்டியும் ஏறும். அது இறங்கினால் இதுவும் இறங்கும். 2022 மே மாதத்திற்கு முன் நூற்றுக்கு நான்காக இருந்த அவ்விகிதம் படிப்படியாக ஏறி, 2023 பிப்ரவரியில் ஆறரை ஆயிற்று. பத்து மாதத்திற்குள் இரண்டரை ஏற்றம்.

இதன் விளைவைக் கணக்கிடுவோம். இருபது லட்சத்தை ஏழு வட்டியில், இருபது வருஷத்திற்கு ஒருவர் வாங்கினார். தவணை ரூ. 15,506. ஒரு வருஷம் செலுத்தியபின் பாக்கி ரூ. 19,52,400. அப்பொழுது வட்டி ஒரே தடவையில் ஏழிலிருந்து ஒன்பதரை ஆகின்றது என்று கொள்வோம். அப்பாக்கிக்கு ஒரு மாத வட்டி ரூ. 15,457. அவர் செலுத்தும் ரூ. 15,506-ல் அசலுக்குச் சேர்வது ரூ. 49 மாத்திரமே! தவணையை மாற்றாமல் விட்டால் கடன் தீர அறுபது வருஷம் ஆகும். எஞ்சிய பத்தொன்பது வருஷத்திற்குள் தீரவேண்டுமாயின் தவணையை ரூ. 18,525 ஆக உயர்த்தவேண்டும்.

வட்டி ஏறும்போது, தவணையைத் தொடாமல் காலத்தை மட்டும் நீட்டிவிடுவது கடன் கொடுப்போரின் வழக்கமாயிருந்தது. மாதச் செலவில் மாறுதல் தெரியாததால் கடன்பட்டவர் இதைக் கவனிப்பதில்லை. இது குறித்து 2023 ஆகஸ்டு 18-ல் ரிசர்வ் பாங்கி ஓர் உத்தரவு பிறப்பித்தது. அதன்படி, வட்டி மாறும்போது தவணை உயர்வு, கால நீட்டிப்பு ஆகியவற்றைக் கடன்பட்டவருக்கு அறிவித்தல் வேண்டும். தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் சிறிது சிறிது செய்வதா என்று தேர்ந்துகொள்ளும் உரிமை அவருக்கு உண்டு. தவணையானது அந்தந்த மாத வட்டியைக்கூட அடைக்காத நிலை ஏற்படலாகாது என்றும் அவ்வுத்தரவு கூறுகின்றது. ஆனால் கேட்காதவர்க்கு உரிமையால் பயனில்லை. எனவே வருஷம் ஒருமுறையேனும் பாங்கிக்குச் சென்று, பாக்கி அசல், நடப்பு வட்டி, எஞ்சிய தவணைகளின் எண்ணிக்கை என்னும் மூன்றையும் எழுத்து மூலம் பெற்று வரவேண்டும்.

2025-ல் ரெப்போ விகிதம் பல தடவை குறைக்கப்பட்டது. இத்தகைய காலத்தில் தவணையைக் குறைத்துக்கொள்ளாமல் பழைய தவணையையே செலுத்தி வருவோர்க்குக் கடன் விரைவில் தீரும்.

6. கணக்கில் ஏறாத செலவுகள்

விண்ணப்பக் கட்டணம், வக்கீல் அபிப்பிராயக் கட்டணம், மதிப்பீட்டுக் கட்டணம், ஈட்டைப் பதிவு செய்யும் செலவு ஆகியவை கடனுக்கு முன்பே கையிலிருந்து போகும். கடனோடு இணைத்து விற்கப்படும் இன்ஷூரன்ஸின் பிரிமியத்தைக் கடன் தொகையிலேயே சேர்த்துவிட்டால், அப்பிரிமியத்திற்கும் இருபது வருஷம் வட்டி கொடுக்க நேரும். கட்டடம் முடியும்வரை கொடுக்கும் வட்டி அசலைக் குறைப்பதில்லை. கொத்தனார் தாமதித்தால் அச்செலவும் நீளும். வீட்டு வரி, வெள்ளையடிப்பு, மராமத்து ஆகியவை என்றும் உள்ளவை.

வட்டியைச் சொல்லும் விதத்திலும் கவனம் வேண்டும். "ஒன்றரை வட்டி" என்று தனியார் கூறுவது மாதத்திற்கு நூற்றுக்கு ஒன்றரை; அதாவது வருஷத்திற்குப் பதினெட்டு. சிலர் முழு அசலுக்கும் முழுக் காலத்திற்கும் மாறா வட்டி என்று சொல்வர். இருபது லட்சத்திற்கு இவ்வாறு ஐந்து வட்டி எனில், இருபது வருஷ வட்டி இருபது லட்சம். மாதத் தவணை ரூ. 16,667. இது குறையும் அசலின் மீது ஏறக்குறைய எட்டு வட்டிக்குச் சமம். ஐந்து என்பது காதுக்கு இனிமை. எட்டு என்பதே மெய். 2024 அக்டோபர் 1 முதல், கட்டணங்களெல்லாம் சேர்ந்த வருஷாந்தர விகிதத்தைக் காட்டும் முக்கிய விவரப் பத்திரம் ஒன்றைக் கடன் கொடுப்பவர் கொடுத்தல் வேண்டும். அதைக் கேட்டு வாங்கி, இரண்டு மூன்று பாங்கிகளின் விகிதங்களை ஒப்பிட்டுப் பார்க்கலாம்.

7. மறுபக்கமும் பார்க்க வேண்டும்

இவ்வளவும் கேட்டு, "வீட்டுக் கடனே ஆகாது" என்று முடிவு செய்தலும் தவறு. வாடகை வீட்டில் இருபது வருஷம் இருப்பவரும் பணம் கொடுத்தே இருக்கிறார். முடிவில் அவர் கையில் வீடு இல்லை. அன்றியும், இருபது வருஷம் கழித்துக் கொடுக்கும் பதினேழாயிரம் இன்றைய பதினேழாயிரத்தின் மதிப்புடையதன்று. விலைவாசியும் சம்பளமும் ஏறும்போது தவணையின் பாரம் குறையும். ஆனால் நகரியத்து வீட்டில் குடியிருந்துகொண்டே வெளியில் வீடு கட்டுவோர், அவ்வீடு பூட்டிக் கிடந்தால் இந்த லாபத்தின் ஒரு பகுதியை இழக்கிறார். அதைக் குடிக்கூலிக்கு விட்டால் தவணைக்கு உதவும்.

வருமான வரியில் கழிவு கிடைக்கும் என்பதற்காகவே கடன் வாங்குவோரும் உண்டு. நாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குரிய அக்கழிவு பழைய வரிமுறையில் இருப்போர்க்கே உண்டு. அவர்க்கும், நூறு ரூபாய் வட்டி கொடுத்து இருபது ரூபாய் வரி மிச்சப்படுமானால், எண்பது ரூபாய் கையை விட்டுப் போனது போனதே.

நம் மாகாணத்தில் இயற்றப்பட்ட பழைய சட்டம் ஒன்றை இங்கு நினைவுகூரலாம். 1938-ஆம் வருஷத்துச் சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டமானது, 1932 அக்டோபருக்கு முன் பட்ட கடனில் அசலைப்போல் இருமடங்கு ஏற்கெனவே செலுத்திய விவசாயியின் கடன் தீர்ந்ததாகவே கொள்ளப்படும் என்று விதித்தது. இன்றைய வீட்டுக் கடனுக்கு அத்தகைய எல்லை இல்லை. இருபது வருஷத்தில் இருமடங்கையும் சிறிது தாண்டுகிறோம். முப்பது வருஷத்தில் இரண்டே முக்கால் மடங்கு கொடுக்கிறோம். ஆதலின் எல்லையை நாமே வகுத்துக்கொள்ள வேண்டும்.

8. செய்யத்தக்கவை

முதலாவது, மனை வாங்குமுன் வில்லங்கச் சான்றும் மூலப் பத்திரமும் பார்த்தல். நெய்வேலியைச் சுற்றியுள்ள கிராமங்களில், அந்தச் சர்வே எண் சுரங்கத்திற்கான நில எடுப்பு அறிவிப்பில் உள்ளதா என்று தாலுகா ஆபீசில் விசாரித்தலும் அவசியம்.

இரண்டாவது, கையிருப்பைப் பெருக்கிக் கடனைச் சுருக்குதல். முப்பது லட்சம் வரையுள்ள கடனுக்கு வீட்டின் மதிப்பில் நூற்றுக்குத் தொண்ணூறு வரை பாங்கி கொடுக்கலாம். கொடுக்கலாம் என்பதனால் வாங்கவேண்டும் என்பதில்லை. நம் சங்கத்தில் மாதந்தோறும் சேர்க்கும் சிக்கன வைப்பு இதற்கென்றே பயன்படத்தக்கது.

மூன்றாவது, கைக்கு வரும் உபரிப் பணத்தை முன்கூட்டியே அசலில் செலுத்துதல். மேற்சொன்ன எட்டரை வட்டிக் கடனில், முதல் வருஷ முடிவில் ஒரு லட்சம் செலுத்தினால் ஏறக்குறைய 26 தவணைகள் குறையும்; வட்டியில் மூன்றரை லட்சம் மிச்சம். அதே லட்சத்தைப் பதினைந்தாம் வருஷ முடிவில் செலுத்தினால் குறைவது எட்டுத் தவணைகளே, மிச்சம் ரூ. 50,000-க்கும் குறைவு. பெருந்தொகை இல்லாதவர், வருஷந்தோறும் போனசிலிருந்தோ முந்திரி, பலா விளைவிலிருந்தோ ஒரே ஒரு தவணை அதிகமாகச் செலுத்தினாலும், இருபது வருஷக் கடன் பதினாறு வருஷம் எட்டு மாதத்தில் தீரும். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டித் தீர்ப்பதற்குப் பாங்கிகள் அபராதம் வசூலிப்பதை ரிசர்வ் பாங்கி 2012-லேயே தடுத்துவிட்டது. முன்பணம் செலுத்தும்போது, "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுத்தல் வேண்டும். ஆனால் ஆறு மாதச் செலவுக்கு வேண்டிய தொகையைக் கையில் வைத்துக்கொண்டே இதைச் செய்க. இல்லையேல், நோய் நொடி வந்தபோது எட்டரை வட்டிக் கடனைத் தீர்த்த பணத்திற்காக இருபத்துநான்கு வட்டிக் கடன் வாங்க நேரும்.

நான்காவது, கடன் தீர்ந்தபின் பத்திரங்களைத் திரும்பப் பெற்று, வில்லங்கத்தை நீக்குதல். முழுதும் தீர்ந்த முப்பது நாளுக்குள் மூலப் பத்திரங்களைக் கொடுக்கவேண்டும் என்பதும், கடன் கொடுத்தவரால் தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் ரூ. 5,000 ஈடு செய்யவேண்டும் என்பதும் 2023 டிசம்பர் முதல் நடைமுறையிலுள்ள விதி.

ஐந்தாவது, வீட்டிலுள்ள பெண்மக்களும் இக்கணக்கை அறிந்திருத்தல். குடும்பத் தலைவருக்கு ஏதேனும் நேர்ந்தால், பாக்கி எவ்வளவு, பத்திரம் எங்கே, இன்ஷூரன்ஸ் உண்டா என்று பாங்கி வாயிலில் நின்று கேட்க வேண்டியவர் அவர்களே.

சங்கக் கூட்டத்தில் ஆலோசிப்பதற்கு வினாக்கள்

1. உங்கள் ஓய்வு நாளுக்கு இன்னும் எத்தனை மாதம்? உங்கள் கடனில் எஞ்சிய தவணைகள் எத்தனை? எது பெரியது?
2. சென்ற மாதத் தவணையில் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு? பாங்கிக் கணக்கைக் கொண்டுவந்து பாருங்கள்.
3. கடன் தொடங்கியபோது இருந்த வட்டி என்ன? இப்போது என்ன? காலம் நீட்டப்பட்டதாக உங்களுக்கு அறிவிப்பு வந்ததா?
4. வருஷத்தில் ஒரு தவணை அதிகமாகச் செலுத்த, எந்த மாதத்தில் உங்களுக்குப் பணம் கைக்கு வரும்?

இவ்வினாக்களுக்கு விடையறிந்த அங்கத்தினர், தம் பக்கத்து வீட்டார் கடன் பத்திரத்தில் கையெழுத்திடுமுன் அவரையும் அடுத்த கூட்டத்திற்கு அழைத்து வருவாராக.